இன்னொருக்கா மாஸ்டரின் கழுதை

பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள்; மறதியும் கூடிவிட்டது. ஆனாலும் கொழும்பில் எங்கள் கொட்டாஞ்சேனை முழுக்கத் தேடினாலும் இன்னொருக்கா மாஸ்டரைப் போல் ஒருவர் கிடைக்கமாட்டார் என்று துணிந்து எழுதுவேன்.

மாதா கோயிலில் ஆர்மோனியம் வாசிப்பவர். யார் பாடினாலும் மறுபடி பாடச் சொல்லி "இன்னொருக்கா!" என்பார். சண்டைக் காலத்தில் ஒருநாள் சோதனைச் சாவடியில் ஆமிக்காரன் அடையாள அட்டையைப் பார்த்துவிட்டு இவரைப் போகச் சொன்னான். இவரோ, "இன்னொருக்கா வடிவாப் பாருங்கோ, படத்தில மூக்குச் சரியில்லை" என்று சிங்களத்தில் சொன்னார். அரை மணித்தியாலம் வைத்திருந்துதான் விட்டார்கள்.

அவர் பைபிளில் வரும் பிலயாமின் கதையைத் தொலைக்காட்சிக்குப் பாட்டு நாடகமாக்கினார். வாளோடு வழிமறிக்கும் சம்மனசு, அந்தத் தேவதூதன், பிலயாம் ஏறிப்போகும் கழுதைக்கு மட்டும் தெரியும், அது நகராது. பிலயாம் மூன்று தரம் அடிக்க, கழுதை வாய் திறந்து பேசும். மாஸ்டர்தான் பிலயாம். கழுதை, கோயில் கூட்டுகிற நான். கூட்டும்போது நான் தனியாகப் பாடியதை ஒளித்து நின்று கேட்டிருக்கிறார்.

"ஆக்களைக் கண்டா எனக்குக் குரல் வராது மாஸ்டர்."

"நீ ஏன் ஆக்களைக் காணப்போறாய்? பெட்டிக்குள்ள எல்லோ இருக்கப்போறாய்!"

குளிர்சாதனப் பெட்டி வந்த அட்டைப்பெட்டிக்குச் சாம்பல் நிறம் பூசி, இரண்டு காது ஒட்டினார். பாடகர் குழுப் பெட்டைகள், "கழுதையக்கா, புல்லுத் திண்டாச்சோ?" என்று கேட்டுக் கேட்டுச் சிரித்தார்கள்.

ஒளிப்பதிவு நாளில் தொலைக்காட்சிக்காரர் ஒருவர் சொன்னார்: "ஒரே தரம்தான். பிழைச்சா கழுதைப் பாட்டை வெட்டிப்போடுவம்."

விளக்குகள் எரிந்தன. நான் அட்டைக்குள் குந்தியிருந்தேன். பின்னால் முக்காலியில் மாஸ்டர், கையில் தடியோடு, கழுதைமேல் ஏறியவர் போல. பட், பட், பட். மூன்று அடி விழுந்தும் எனக்குக் குரல் வரவில்லை. வெட்டப்போகிறார்கள் என்று கண்ணீர் வந்தது. மாஸ்டர் நிறுத்தவில்லை. நாலு, ஐந்து, ஆறு. "அவசரமில்லை பிள்ளை" என்று மெல்லக் கேட்டது. ஏழாவது அடியில் குரல் வந்தது: "மூன்று தரம் அடித்தீரே, நான் செய்த குற்றமென்ன?"

கமராக்காரர் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாராம். நான் முழுவதும் பாடி முடித்தேன்.

"ஓகே!" என்றார்கள். எல்லாரும் மாஸ்டரைப் பார்த்தோம். "காணும்," என்றார். வாழ்நாளில் அவர் போதும் என்று சொன்னது அந்த ஒருதரம்தான்.

படியிறங்கும்போது நொண்டினார்.

"என்ன மாஸ்டர்?"

"கழுதைக்கு அடிச்சா அட்டை கிழிஞ்சிடும். அதுதான் என்ர தொடையில அடிச்சனான்."

அந்த ஒளிப்பதிவு யாரிடமாவது இருந்தால், அடி ஏழா எட்டா என்று இன்னொருக்கா எண்ணிச் சொல்லுங்கள். என்மேல் ஒன்றும் படவில்லை. அதை எண்ணிப் பார்க்கத் தேவையில்லை.