முழங்கைக்குப் பிரேக், பாதத்துக்கு ஆக்சிலேட்டர்

இனிமேல் பஸ்ஸில் தூங்குவதில்லை என்று தீர்மானித்தேன். தூங்கினால் வீட்டில்தான் தூங்குவது.

இந்தத் தீர்மானத்தின் கனம் புரிய வேண்டுமானால் என் நாளைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். வீடு சிதம்பரத்தில். அலுவலகம் கடலூர் மஞ்சக்குப்பத்தில். காலை எட்டேகால் பஸ். புதுச்சத்திரம் வருவதற்குள் கண் சொருகும். ஆலப்பாக்கத்தில் தலை பக்கத்து சீட்டுக்காரரின் தோளில் சாயும். குடிகாடு வந்ததும் அவர் தோளை உதறுவார். மாலையில் இதே நாடகம் கடைசியிலிருந்து முதலுக்கு நடக்கும். இருபத்து மூன்று வருடமாக இப்படித்தான். கட்டிய மனைவியின் தோளில் சாய்ந்ததைவிடப் பேர் தெரியாதவர்களின் தோளில் நான் சாய்ந்ததே ஜாஸ்தி.

இந்த நிலையில், அலுவலகத்துக்கு அடுத்த தெருவில் ரத்தினம்மாள் என்பவரின் மாடி வீடு காலியானது. போய்ப் பார்த்தேன். ஒன்பதே முக்காலுக்கு எழுந்தால்கூடப் பத்து மணிக்கு நாற்காலியில் இருக்கலாம். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

"ஞாயித்துக்கெழம சாயங்காலம் ஆறு மணிக்குள்ள ஒரு வார்த்த சொல்லிடு தம்பி. அதுக்கு மேல வெச்சிக்கிட்டு இருக்க முடியாது," என்றார் ரத்தினம்மாள். என் நம்பரையும் என் மனைவியின் நம்பரையும் ஒரு காலண்டர் தாளில் எழுதிக்கொண்டு, தன் நம்பரை இன்னொரு தாளில் எழுதிக் கொடுத்தார்.

வீட்டுக்கு வந்து மனைவி அருள்மொழியிடம் விஷயத்தைச் சொன்னேன்.

"நல்ல வீடுதான். நீங்க போங்க. நான் வரல," என்றாள்.

அருள்மொழி தையல்காரி. எங்கள் வீட்டு முன் அறைதான் அவளுடைய கடை. கீழவீதிக்குப் பின்னால் இருக்கும் நாலு தெருவில் அவள் தைக்காத ரவிக்கை இருந்திருக்காது. இரண்டு வருடத்துக்கு முன், கிள்ளை போகும் சாலையில் எங்கள் வண்டி மணலில் சறுக்கியது. ஓட்டியவன் நான். எனக்கு முழங்காலில் ஒரு சிராய்ப்பு. பின்னால் உட்கார்ந்திருந்தவளுக்கு வலது கையில் நரம்பு போய்விட்டது. முழங்கை வரைக்கும் கை சொன்ன பேச்சைக் கேட்கும். அதற்குக் கீழே மணிக்கட்டு நிமிராது. விரல்கள் எதையும் பிடிக்காது. இந்த இரண்டு வருடத்தில் அவள் அதை ஒருமுறைகூடச் சொல்லிக் காட்டியதில்லை. அதனாலேயே எந்தச் சண்டையிலும் என்னால் முழு மூச்சோடு இறங்க முடிவதில்லை.

தைப்பது நின்றது. கடை நிற்கவில்லை. தெருப் பெண்கள் இன்றும் துணியோடு வருகிறார்கள். "அக்கா, கழுத்து எவ்ளோ எறக்கலாம்?" என்று கேட்டுக்கொண்டு போய் வேறு யாரிடமோ தைத்துக்கொள்கிறார்கள். போகிற வழியில் இவளோடு முக்கால் மணி நேரம் பேசுகிறார்கள்.

"மஞ்சக்குப்பத்துல யாரு வந்து எங்கிட்ட கழுத்து கேப்பாங்க?" என்றாள்.

"அவுங்க கழுத்துக்காக நான் என் கழுத்த பஸ்ஸுல ஒடிச்சிக்கணுமா?"

"ஜன்னல் சீட்டு புடிங்க. கழுத்து நிக்கும்."

பேச்சுவார்த்தை இந்த இடத்தில் நின்றது. அப்போதுதான் பெங்களூரில் வேலை பார்க்கும் எங்கள் மகள் சுவேதாவிடமிருந்து ஒரு பெட்டி வந்தது.

அவள் இங்கே இருந்தபோது டிவியில் மாட்டிக் கார் ரேஸ் விளையாடுவதற்கு ஒரு கருவி வாங்கி வைத்திருந்தாள். அம்மாவும் மகளும் ஓட்டுவார்கள். ஆள் குறைந்தால் என்னையும் சேர்த்துக்கொள்வார்கள். விபத்துக்குப் பிறகு அதை யாரும் தொடவில்லை. இரண்டு கையாலும் பிடித்து, பத்து விரலுக்கும் வேலை கொடுக்க வேண்டிய சாதனம் அது. இப்போது வந்த பெட்டியில் இருந்தது வேறு மாதிரி. தட்டையான ஒரு வெள்ளைப் பலகை. அதன் மேல் உள்ளங்கை அகலத்தில் இரண்டு பொத்தான்கள். பின்பக்கம் வரிசையாகத் துளைகள். எந்தத் துளையில் எதைச் செருகுகிறோமோ அது அந்த வேலையைச் செய்யும். செருகுவதற்கென்று தனித்தனிப் பொத்தான்கள், கட்டைவிரல் உயரத்தில் ஒரு குச்சி, காலால் மிதிக்க ஒரு பெடல். கையோ, முழங்கையோ, காலோ, எது வேலை செய்கிறதோ அதை வைத்து விளையாடலாம்.

"அப்பா, எது எங்க இருக்கணும்னு நீங்களா முடிவு பண்ணாதீங்க. அம்மாவைக் கேட்டுக் கேட்டு மாட்டுங்க," என்று சுவேதா போனில் சொன்னாள்.

"சரிம்மா," என்றேன். கேட்கவில்லை. கூட வந்த விவரப் புத்தகத்தைத்தான் கேட்டேன்.

பெட்டியை எட்டிப் பார்த்த அருள்மொழி திடீரென்று ஒரு யோசனை சொன்னாள்.

"ஏங்க, இத மாட்டிக் குடுங்க. ஞாயித்துக்கெழம ரெண்டு பேரும் ஒரு ரேஸ் விடுவோம். நீங்க ஜெயிச்சா மஞ்சக்குப்பம். நான் ஜெயிச்சா இங்கயேதான்."

"நெசமாவா?"

"எங்க அண்ணாகிராமத்து மாரியம்மா மேல சத்தியம்."

என்னிடம் இரண்டு கை இருந்தது. பத்து விரல் இருந்தது. அவளுடைய கருவியை மாட்டப்போவதும் நானே. நான் கெட்டவன் இல்லை. அசதியானவன். அசந்துபோன நல்லவர்கள் என்னென்ன செய்வார்கள் என்று யாரும் இதுவரை எழுதி வைக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை மாலை வேலையை ஆரம்பித்தேன். அவளுடைய நாற்காலியில் நான் உட்கார்ந்தேன். அவளுடைய அளவு டேப்பாலேயே அளந்தேன். வலது முழங்கை எங்கே படுகிறதோ அங்கே பிரேக் பொத்தானை ஒட்டினேன். இடது கை எங்கே விழுகிறதோ அங்கே ஸ்டீயரிங் குச்சியை வைத்தேன். எல்லாம் கச்சிதமாக இருந்தது. எழுந்து அவளை உட்காரச் சொன்னேன்.

"ஏங்க, பிரேக்கு எங்க?"

"அதோ, முழங்கைக்குப் பக்கத்துல."

"யாரு முழங்கைக்கு?"

பார்த்தேன். பொத்தான் அவள் முழங்கைக்கு ஒரு சாண் தள்ளி இருந்தது. நான் அவளைவிட முக்கால் அடி உயரம்.

"தையக்காரி போட்டுக்கறவங்களத்தான் அளவெடுப்பா. நீங்க ஒங்கள அளவெடுத்து எனக்கு மாட்டறீங்க."

பிய்த்தேன். மறுபடி ஒட்டினேன். ஒட்டுப்பசை என் விரலில் நன்றாகப் பிடித்தது, பலகையில் பிடிக்கவில்லை.

புதன்கிழமை ஸ்டீயரிங் குச்சி. அவளுக்கு இடது கை பழக்கம் இல்லை. விரல் லேசாக நடுங்கினால்கூடக் கார் கடலில் போய் விழுந்தது. இதற்கு ஒரு வழி இருக்கிறது. சின்ன அசைவுகளைக் கண்டுகொள்ளாதே என்று கருவிக்குச் சொல்லிவிடலாம். எவ்வளவு சின்ன அசைவு என்பதை நாம்தான் கூட்டிக் குறைத்து வைக்க வேண்டும். அதற்கு ஒன்றரை மணி நேரம் ஆனது.

"இன்னும் கொஞ்சம் கூட்டுங்க. ஐயோ, ஜாஸ்தி. இப்ப ஒங்கள மாதிரி ஆயிடுச்சு. நாலு தடவ கூப்ட்டாத்தான் திரும்புது."

குறைத்தேன்.

"இப்ப எங்க தம்பி மாதிரி இருக்கு. கூப்புடாமலே திரும்புது."

நடுவில் ஓர் இடத்தைப் பிடித்தபோது எனக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது.

வியாழக்கிழமை ஆக்சிலேட்டர். இங்கேதான் என் மூளை வேலை செய்தது. அல்லது, வேலை செய்கிறது என்று நான் நினைத்தேன்.

"பிரேக்கையும் ஆக்சிலேட்டரையும் முழங்கையிலயே வெச்சிடுங்க," என்றாள் அருள்மொழி. "காலு மட்டும் வேணாங்க."

"ஏன்?"

"எனக்குக் கண்ணு ஒரு பக்கம், காலு ஒரு பக்கம்னு வேல செய்யாது. வேகத்த எப்படிக் காலால கூட்டிக் கொறைக்கறது? பயமா இருக்கு. வேணவே வேணாம்."

மனதுக்குள் குறித்துக்கொண்டேன். முகத்தை மட்டும் வருத்தமாக வைத்துக்கொண்டேன்.

"நான் என்ன பண்றது அருளு? ஆக்சிலேட்டர் கால்லதான் இருக்கணும்னு புக்குல போட்டிருக்கு."

புத்தகத்தில் அப்படி எதுவும் போடவில்லை. அது எங்கே வைத்தாலும் கோபித்துக்கொள்ளாத புத்தகம்.

"வேற வழியே இல்லீங்களா?"

"இல்லியே."

"சரி. என் தலையெழுத்து," என்று பெருமூச்சு விட்டாள்.

பெடலை ஒரு பலகையில் வைத்துத் திருகினேன். வழுக்காமல் இருக்க அடியில் ரப்பர் ஒட்டினேன். அவள் வலது பாதத்தை வைத்து ஒரே ஒருமுறை அழுத்திப் பார்த்தாள். "ரொம்பக் கஷ்டங்க," என்று சொல்லிவிட்டு எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். எனக்குக் கொஞ்சம் பாவமாகத்தான் இருந்தது. ரத்தினம்மாள் வீட்டு மாடியில் கட்டிலை எந்தப் பக்கம் போடலாம் என்று யோசித்து அந்தப் பாவத்தைத் தணித்துக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை மாலை நான் வீட்டுக்கு வந்தபோது அவளுடைய கார் ஒரு சுவரில் முட்டிக்கொண்டிருந்தது. சனிக்கிழமை மாலை வந்து பார்த்தபோதும் அதே சுவர்தான்.

"இன்னும் பழகலையா?" என்று ஆறுதலாகக் கேட்டேன்.

"எங்கங்க," என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை ஐந்து மணிக்கு அவளுடைய தம்பி சிலம்பரசன் அண்ணாகிராமத்திலிருந்து ஒரு பலாப்பழத்தோடு வந்து இறங்கினான். அவனை நடுவராக வரச் சொன்னவள் அருள்மொழி.

"மாமா, நான் ரெண்டு பக்கமும் சாயமாட்டேன்," என்றான். "அக்கா பக்கமே உக்காந்திருப்பேன்."

ஐந்தரைக்கு ரேஸ் தொடங்கியது. திரை இரண்டாகப் பிரிந்தது. மேலே என் சிவப்புக் கார். கீழே அவளுடைய மஞ்சள் கார். மூன்று சுற்று. விசில் அடித்ததும் நான் பாய்ந்தேன். முதல் வளைவுக்கு முன்பே அவளைவிட இரண்டு கார் நீளம் முன்னால் இருந்தேன். வளைவில் எல்லோரும் செய்வதையே நானும் செய்தேன். முழு வேகத்தில் போனேன், பயந்தேன், பிரேக்கை அழுத்தினேன், பக்கவாட்டில் தேய்த்துக்கொண்டு வெளியே வந்தேன்.

மஞ்சள் கார் தேய்க்கவில்லை. சாலையோடு சேர்ந்து வளைந்து, சாலையோடு சேர்ந்து நிமிர்ந்து என்னைத் தாண்டியது.

"மாமா, ரோட்டப் பாருங்க, ரோட்டப் பாருங்க!" என்று கத்தினான் சிலம்பரசன்.

நான் ரோட்டைப் பார்க்கவில்லை. அவள் காலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். குதிகால் அசையாமல் இருந்தது. பாதத்தின் முன்பகுதி மட்டும் பெடலின் மேல். வளைவு நெருங்கும்போது பெருவிரலை ஒரு நூல் அளவு தூக்கினாள். வளைவு முடியும்போது ஒரு நூல் அளவு அழுத்தினாள். முழங்கைப் பிரேக்கை அவள் தொடவே இல்லை. அந்தக் காலை எனக்குத் தெரியும். மோட்டார் மெஷினில் ரவிக்கைக் கழுத்தைத் திருப்பும்போது, ஊசி ஒரு தையல்கூடத் தவறாமல் வட்டம் போடுவதற்காக, இருபது வருடத்துக்கு மேல் பெடலின் வேகத்தைக் கூட்டிக் குறைத்த கால். இரண்டு வருடமாக அது சும்மா இருந்தது. பக்கத்திலேயே இருந்த எனக்கு அது ஒருமுறைகூட ஞாபகம் வரவில்லை.

என் கார் வேலியைப் பிய்த்துக்கொண்டு ஒரு கரும்புத் தோட்டத்துக்குள் போய் நின்றது.

அருள்மொழி ஜெயித்தாள். நான் வந்து சேருவதற்குள் சிலம்பரசன் நாலு சுளை சாப்பிட்டு முடித்திருந்தான்.

"மாமா, வண்டிய எடுத்துக்கிட்டு வருவீங்களா, ஆள் அனுப்பட்டுமா?"

"சும்மா இருடா மச்சான்," என்றேன். அருள்மொழியின் பக்கம் திரும்பினேன். "நீதானே காலு வேணாம்னு சொன்னே?"

"ஆமாம், சொன்னேன்."

"பயமா இருக்குன்னு சொன்னே!"

"நான் வேணாம்னு சொன்னத நீங்க என்னிக்கு விட்டிருக்கீங்க? வேணும்னு கேட்டிருந்தா முழங்கையிலதான் மாட்டியிருப்பீங்க."

"அப்ப அந்தச் சுவரு? ரெண்டு நாளா முட்டிக்கிட்டு நின்னியே?"

"பஸ் வர்ற நேரம் பார்த்து முட்டுவேன். பகல் பூரா வீட்டுல நான் என்ன பண்ணிக்கிட்டு இருப்பேன்னு நெனச்சீங்க?"

நெற்றியில் வியர்வையோடு சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்த்த பிறகு ஒரு நல்ல மனிதன் தோல்வியை ஒப்புக்கொண்டு எழுந்திருப்பான். நான் இன்னொரு ரேஸ் கேட்டேன்.

"சரி, வாங்க," என்றாள்.

இந்த முறை வேலிவரைக்கும்கூட நான் போகவில்லை. மேடையில் பரிசு வாங்கும் பொம்மைப் பெண்ணுக்கு டிவிக்குள் எல்லோரும் கைதட்டினார்கள். சிலம்பரசன் வெளியே இருந்து தட்டினான்.

எழுந்தேன். பெரிய மனிதனாக நடந்துகொள்வது என்று முடிவு செய்தேன். சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறவன் என்ற பேராவது மிஞ்சட்டும். அருள்மொழிக்கு நன்றாகக் கேட்கும் இடத்தில் நின்று ரத்தினம்மாளுக்குப் போன் போட்டேன்.

"அம்மா, சிதம்பரத்துலேர்ந்து மணவாளன் பேசறேன். அந்த மாடி வீடு..."

"அதுவா? ஒன் வீட்டுக்காரம்மாதான் வியாழக்கெழமயே போன் பண்ணி, நாங்க வரலன்னு சொல்லிடுச்சே. மறுநாளே வேற ஆளுக்குக் குடுத்துட்டேன்."

வியாழக்கிழமை. பெடலை நான் திருகி முடித்த அன்று. திரும்பிப் பார்த்தேன். அருள்மொழி மிக மும்முரமாகத் தம்பிக்குப் பலாச்சுளை எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"எங்கிட்ட ஒரு வார்த்த நீங்க சொல்லியிருக்கலாமேம்மா..."

"சொல்லலாம்னுதான் இருந்தேன். அதுதான் வேணாம்னுச்சு. ஞாயித்துக்கெழம சரியா ஆறு மணிக்கு நீயே போன் பண்ணி, வீடு வேணாம்னு சொல்லுவியாம். அதுவரைக்கும் ஒன்ன தொந்தரவு பண்ண வேணாம்னு சொல்லுச்சு."

சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன். மணி ஆறு ஐந்து.

"அஞ்சு நிமிஷம் லேட்டு தம்பி," என்றார் ரத்தினம்மாள்.