மண்ணில் பொங்கிய தோஷம்

1987-ஆம் வருஷம் மேனாம்பேட்டில் மண் பேச ஆரம்பித்தது. மனிதர் பேசினால் காதில் போட்டுக்கொள்ளாத ஊர், மண் பேசுகிறது என்றதும் டீக்கடை வரைக்கும் வரிசையில் நின்றது. ஒரு கையில் வீட்டுத் தோட்டத்து மண் ஒரு பொட்டலம். மறு கையில் ஒன்பது எலுமிச்சம்பழம்.

மண்ணின் பேச்சைக் கேட்டுச் சொல்பவர் மண்சித்தர் கோதண்டம். ஐந்து வருஷத்துக்கு முன்பு, பழைய கட்டடங்களை இடித்த ரப்பீஸை லாரியில் கொண்டுவந்து கொட்டி, பள்ளமான மனைகளை மேடாக்கிக் கொடுத்தவர். தாடி வளர்ந்ததும் எல்லோரும் அதை மறந்துவிட்டார்கள். இப்போது மண்ணில் தீர்த்தம் விடுவார். தோஷம் இருந்தால் மண் பொங்கும். அவர் விற்கும் காசி மண்ணைக் கொட்டினால் செடி பிழைக்கும். பிழைத்ததும் உண்மைதான், அதனால்தான் இந்தக் கூட்டம்.

தாயம்மாளின் குறை வெற்றிலைக் கொடி. வெற்றிலை நிழலில் வளர்வது. வெயில் விழாத வடக்குச் சுவரோரம் மூன்று முறை நட்டாள். மூன்று முறையும் மஞ்சளாகிப் பட்டுப்போனது. கொடி செழித்தால் வீடு செழிக்கும் என்பது அவள் கட்சி. மூன்றாவது கொடி பட்டபோது, வெள்ளானூரிலிருந்து மருமகள் நாகவல்லி வந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. முதல் இரண்டும் அவள் வருவதற்கு முன்பே செத்தவை. அதை யோசிக்க அந்த வீட்டில் யாருக்கும் நேரமில்லை.

சித்தர் வீட்டுக்கே வந்தார், பின்னால் தெருவே வந்தது. சுவரோரத்து மண்ணை வாழை இலையில் வைத்துத் தீர்த்தம் விட்டார். சுர்ரென்று நுரை கிளம்பியது. கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொண்டது.

"பாத்தியாம்மா, தோஷம் கத்துது. ஊட்டுக்குத் தூரமா இருந்த பொம்பள கை பட்டுகீது. உன் மருமவள ஒரு மண்டலம் தாய் ஊட்டுக்கு அனுப்பு, மண்ணு ஆறும். அப்பால நம்ம காசி மண்ணு நாலு மூட்ட போடு."

தொழிற்சாலையில் மயிரிழை பிசகாமல் இரும்பை அளக்கிற நாகவல்லியின் கணவன் தங்கவேல், அம்மாவின் முகத்தைப் பார்த்தான்.

"நாப்பத்தெட்டு நாளுதானே நாகு, போய்ட்டு வந்துடு" என்றான். எனக்குச் சித்தரைவிட இவன்மேல்தான் கோபம்.

கெட்ட கை என்று பேர் வாங்கிப் போகிறவளை நாற்பத்தொன்பதாவது நாள் யார் திரும்ப அழைப்பார்கள்? நாகவல்லிக்கு அது தெரியும். அவள் மூட்டை கட்டவில்லை. சித்தரின் தீர்த்தச் செம்பை வாங்கி முகர்ந்தாள். நேராக வாசலுக்குப் போய்க் கோலத்தின்மேல் ஊற்றினாள். அதே சுர். அதே நுரை.

"அத்தே, இது யாரு போட்ட கோலம்?"

"நான்தான். என் வாசல்ல வேற யாரு கோடு இழுக்கறது?"

"அப்ப உங்க கையிலயும் தோஷம் கீது. உங்கள எந்த ஊட்டுக்கு அனுப்பறது?"

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். நாகவல்லி செம்பைத் தூக்கிக் காட்டினாள்.

"நேத்து ஊறுகாய்க்குப் பழம் நறுக்கசொல்ல, கோலப்பொடில சாறு தெறிச்சு இதே மாரி பொங்குச்சு. கோலப்பொடி சுண்ணாம்புக் கல்லு. புளிப்பு பட்டா பொங்கும். நீங்க குடுத்த எலுமிச்சம்பழந்தான் இந்தச் செம்புல கீது."

கடப்பாரையை எடுத்துச் சுவரோரம் நாலு போடு போட்டாள். செங்கல் துண்டும் சுண்ணாம்புக் காரையும் கட்டிகட்டியாக வந்தன. "மண்ணுல இவ்ளோ சுண்ணாம்பு இருந்தா கொடி எப்டி பொழைக்கும்?" என்றாள். தாயம்மாள் காரையைப் பார்த்தாள், பிறகு தாடியைப் பார்த்தாள்.

"யோவ், நீ லாரில ரப்பீஸ் கொண்டாந்து கொட்டுன கோதண்டம்தானே?"

சித்தர் வானத்தைப் பார்த்தார். நாகவல்லி காசி மண் மூட்டையைப் பிரித்து ஒரு கை அள்ளினாள்.

"இது எங்கூரு ஏரி வண்டல், சாணி எரு கலந்து கீது. நல்ல மண்ணுதான் சாமி. காசிக்குத்தான் போனதில்ல."

கோதண்டம் சந்து வழியாக நடையைக் கட்டினார். பழத்தையாவது கொடுத்துவிட்டுப் போ என்று பாதிக் கூட்டம் பின்னால் ஓடியது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை தங்கவேல் முழங்கால் ஆழம் தோண்டிக் காரையெல்லாம் வெளியே கொட்டினான். ஏரி வண்டல், மக்கிய சாணி, உதிர்ந்த இலை எல்லாம் கலந்து, தண்ணீர் தேங்காதபடி மேடாக அணைத்து, இரண்டு வாரம் ஆறப்போட்டு, நாகவல்லி கொடியை நட்டாள். ஆறு மாதத்தில் அது ஜன்னலைத் தாண்டியது.

ஒருநாள் சாப்பிட்டு முடித்த தாயம்மாள், "ரெண்டு வெத்தல பறிச்சினு வாம்மா" என்றாள்.

"நான் இன்னிக்கு தூரம் அத்தே."

தாயம்மாள் சுண்ணாம்பு டப்பாவைத் திறந்தாள்.

"வெத்தலைக்கு அது தெரியவா போது? பறி."

அந்த வெற்றிலை நன்றாகவே சிவந்தது. உங்கள் வீட்டுச் செடி பட்டுப்போனால், வீட்டுக்கு வந்தவளின் கையைச் சோதிக்காதீர்கள். மண்ணைத் தோண்டிப் பாருங்கள். அப்படியே மண்டையையும் கொஞ்சம் கிளறிப் பாருங்கள், அங்கே எவன் ரப்பீஸ் கொட்டிவிட்டுப் போயிருக்கிறான் என்று.