நூற்றெண்பது பயணிகளும் ஒரு மூட்டை விதைநெல்லும்

நாலு பேர் எதிரில் எனக்குப் பேச்சு வராது. கல்யாணப் பந்தியில் இன்னொரு கரண்டி சாம்பார் கேட்கக்கூட மாட்டேன். ஆனால் கைப்பேசியில் விமானம் ஓட்டும்போது மட்டும் நூற்றெண்பது பயணிகளுக்குச் சத்தமாக அறிவிப்பு செய்வேன். (திருப்பிப் பேச மாட்டார்கள் என்ற தைரியம்தான்.)

துபாயில் வேலை பார்க்கும் மகன் ஏற்றிக் கொடுத்த விளையாட்டு அது. அசல் விமானம் போலவே எங்கு பார்த்தாலும் பொத்தான். நான் படித்தது ஐந்தாவது; நிறத்தை வைத்துத்தான் எது எதுவென்று தெரியும். தரை நெருங்கினால் விமானமே உயரத்தை இங்கிலீஷில் எண்ணும்: "ஃபிப்டி, ஃபார்ட்டி, தர்ட்டி..." இன்றைக்கும் இங்கிலீஷ் எண்களில் எனக்கு இறங்கத்தான் தெரியும், ஏறத் தெரியாது.

ஒரு வருஷம் சம்பா சாகுபடிக்கு நாற்றங்காலில் விதை தெளித்த மறுநாள் காலை. முளைகட்டிய விதை, தண்ணீரை வடிக்காவிட்டால் அழுகிவிடும். எங்களிடம் இருந்ததே அந்த ஒரு மூட்டைதான்.

"வடிகால் பக்கத்து மடையைத் தொறந்து விட்டுட்டு வாங்க. அந்தப் போன இங்க வெச்சிட்டுப் போங்க" என்றாள் என் மனைவி செல்வி.

முதல் பாதியை மட்டும் கேட்டேன்.

வரப்பில் நடக்கும்போதே விமானம் திருச்சியை நெருங்கிவிட்டது. (அத்தனை பேரையும் அந்தரத்தில் விட்டுவிட்டு வெட்ட மனசு வருமா?) இடது கையில் விமானம், வலது கையில் மண்வெட்டி. "ஃபிப்டி" என்றது; ஒரு வெட்டு. "ஃபார்ட்டி", இன்னொரு வெட்டு. சக்கரம் பூப்போல ஓடுபாதையைத் தொட்டது. "பயணிகள் அனைவருக்கும் நன்றி!" என்று வயல் அதிரக் கத்திவிட்டு நிமிர்ந்தேன்.

நான் வெட்டியது வாய்க்கால் பக்கத்து மடை. தண்ணீர் பாய்ந்து உள்ளே புகுந்து, எதிர் வரப்பை உடைத்து, விதையை மொத்தமாக வாரிக்கொண்டு, கீழே மச்சான் வயலில் இறங்கிக்கொண்டிருந்தது.

பயணிகளில் ஒருவருக்கும் கால் நனையவில்லை.

"என்னங்க... நாத்தங்கால் எங்கங்க?" ஓடிவந்த செல்வி வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டாள். மச்சான் அவள் அண்ணன்தான்; ஆனாலும் அவரிடம் போய்க் கேட்க எனக்கு வாய் ஏது? நாலு நாள் அந்தத் திசைக்கே போகவில்லை. ஐந்தாம் நாள் மச்சானே வந்துவிட்டார்.

"மாப்ள, உங்க பயணிங்க எல்லாம் எங்க வயல்ல எறங்கி, பச்சப்பசேல்னு எந்திரிச்சி நிக்கிறாங்க. என் விதையத் தெளிக்க வயல்ல வேற மூலை பாத்துக்கிட்டேன். வளந்ததும் வந்து அழைச்சிக்கிட்டுப் போங்க."

அந்த நாற்றைப் பறித்துத்தான் நட்டோம். இப்போதும் விதை தெளித்த மறுநாள் நான் மண்வெட்டியோடு கிளம்பினால், செல்வி போனைப் பிடுங்கி இடுப்பில் செருகிக்கொண்டு பின்னாலேயே வருவாள். நான் சரியான மடைமுன் நிற்கும்வரை எண்ணுவாள்: "ஃபிப்டி... ஃபார்ட்டி... தர்ட்டி..."

கீழ் வயலில் மச்சான் துண்டை வீசி வீசிக் கூப்பிடுவார்: "ஓடுபாதை இங்க காலியா இருக்கு மாப்ள, எறக்குங்க!"