முட்டைத் துரையும் ஒரு தேசிக்காயும்

உலகத்திலேயே முட்டைக்குப் பயந்த ஒரே வெள்ளைக்காரர் லண்டன் நோர்பரியில் எங்கள் வீட்டு மேல் அறையில்தான் வாடகைக்கு இருந்தார். மற்றவர்கள் பாம்புக்குப் பயப்படுவார்கள், பொலிசுக்குப் பயப்படுவார்கள். இவர் அவித்த முட்டையைக் கண்டால் அடுத்த அறைக்குப் போய்விடுவார்.

எல்லாம் கிரிக்கெட்டால் வந்த வினை. எண்பதுகளின் கடைசி அது. விடியப்புறம் வீடு வீடாகப் பால் போடுவார், கோடையில் ஒரு கவுண்டி அணிக்கு விளையாடுவார். ரிவியில் காட்டுகிற பெரிய கவுண்டி என்று நினைத்துவிடாதீர்கள். இது கீழ்த்தட்டுக் கவுண்டி. பார்க்க வருகிறவர்களில் பாதிப் பேர் நித்திரை, மீதி நாய்கள். அங்கேயும் எங்கள் ஆள் பெரும்பாலும் ஓட்டம் எடுக்காமல் முட்டையோடுதான் திரும்புவார். "வாயாலை உள்ளே போற முட்டைதான் ஸ்கோர் போர்ட்டிலை வந்து நிக்குது" என்பது அவருடைய சித்தாந்தம். (அவர் இங்கிலிஷில் சொன்னதை நான் எங்கள் தமிழில் எழுதுகிறேன்.) முட்டைத் துரை என்று பெயர் வைத்தவ என் மனைவி.

வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டில் மரக்கறிதான் என்று அறிந்ததும் அவருக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. "ஒவ்வொரு வெள்ளியும் முட்டை இல்லையோ? அதுதான் உங்கடை ஊர் ஆக்கள் கிரிக்கெட்டிலை அப்பிடி அடிக்கிறாங்கள்!" அன்றிலிருந்து வெள்ளி இரவு எங்களோடு புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும்.

சாப்பிட்ட வாயால் தமிழும் பழகினார். மூன்றே சொல்: ஓம், காணும் (போதும்), ஏலாது (முடியாது). அதுதான் ஆளைக் கவிழ்த்தது. ஒரு மட்சில் மற்றப் பக்கத்தில் நின்றவர் ஓட்டத்துக்கு வெளிக்கிட, துரை பதட்டத்தில் கையை உயர்த்தி, "ஏலாது! ஏலாது!" என்று கத்தியிருக்கிறார். அந்தப் பாவி, துரை தன்னை உற்சாகப்படுத்துகிறார் என்று நினைத்து இன்னும் வேகமாக ஓடி, அவுட். அவர்தான் கப்டன்.

"வாற ஞாயிறு கடைசி மட்ச். அதிலை நீ அடிக்காட்டி அடுத்த வருசம் வராதை" என்று சொல்லிவிட்டார் கப்டன்.

துரை மாடிப்படியில் குந்திக்கொண்டிருந்தார். "பள்ளிக்கூடம் விட்ட நாள் தொட்டு இதுதான் விளையாடுறன். இதுவும் இல்லாட்டி நான் ஆர்?"

"ஆளை முருகனிட்டைக் கூட்டிக்கொண்டு போங்கோப்பா" என்றா மனைவி.

ஆர்ச்வே முருகன் கோயிலில் அர்ச்சனைக்கு ஐயர் கேட்டார், "நட்சத்திரம்?"

"ஜூலை" என்றார் துரை.

"கார்த்திகை எண்டு சொல்லுங்கோ ஐயா. முருகன்ரை நட்சத்திரம், பிழை வராது" என்றேன் நான்.

வெளியே ஒரு புதுக் காருக்குப் பூசை நடந்துகொண்டிருந்தது. சில்லுக்குக் கீழே ஏன் தேசிக்காய் (எலுமிச்சை) என்று துரை கேட்டார். "அதை நசிச்சுக்கொண்டு போனால் வாற தடையெல்லாம் நசிஞ்சுபோம்" என்றேன். மனிசன் குனிந்து சில்லுக்குக் கீழே வடிவாகப் பார்த்தார். அப்போதே எனக்கு யோசனை வந்திருக்கவேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை நானும் மனைவியும் சோற்றுப் பொதியோடு மைதானத்துக்குப் போனோம். துரை துடுப்போடு வந்தார், குனிந்தார், பொக்கற்றுக்குள் இருந்து எதையோ எடுத்துக் குதிக்காலுக்குக் கீழே வைத்தார்.

"ஐயோ, என்னப்பா வைக்கிறார்?"

"தேசிக்காய்" என்றா மனைவி.

"அது காருக்கெல்லோ!"

"விளக்கம் குடுத்தது ஆர்? நீங்கள்தானே!"

பந்து வந்தது. துரை ஓங்கி மிதித்தார், பந்து தன் பாட்டில் விலகிப் போனது. தேசிக்காய் நசியவில்லை. சப்பாத்துக்குக் கீழால் வழுக்கிப் பின்பக்கம் உருண்டு, நேரே போய் ஸ்டம்பில் முட்டியது. மேலே இருந்த பெயில் கட்டை துள்ளியது. நான் கண்ணை மூடிவிட்டேன். முருகா, எங்களை நம்பித்தானே உன் வாசலுக்கு வந்தவர்!

"விழேல்லையப்பா! கண்ணைத் திறவுங்கோ, விழேல்லை!"

பெயில் ஒரு ஆட்டம் ஆடிவிட்டுப் பழைய இடத்திலேயே குந்தியிருந்தது. விழுந்திருந்தால் அவுட்டா இல்லையா என்று அம்பயர்கள் இருவரும் தேத்தண்ணி நேரம் வரை தர்க்கப்பட்டார்கள். பந்து போட்டவருக்குச் சிரிப்பு அடங்கவில்லை. அடுத்த பந்தைச் சிரித்துக்கொண்டே போட்டார், துரை அதை எல்லைக்கு அனுப்பினார். பிறகு நின்று நின்று நாற்பதுக்கு மேல் அடித்தார். நித்திரை கொண்டவர்களும் எழும்பிக் கை தட்டினார்கள்.

கப்டன் வந்து தோளில் தட்டினார். "அடுத்த வருசம் வா. பழத்தையும் பாஷையையும் வீட்டிலை விட்டிட்டு வா."

திரும்பும்போது காரின் பின் சீற்றிலிருந்து துரை தன் தமிழில் மெல்லச் சொன்னார், "காணும்." பிறகு என் மனைவியிடம் இங்கிலிஷில், "அக்கா, இனிச் சித்திரை வரைக்கும் மட்ச் இல்லை. முட்டை இருக்கோ?"

அன்று இரவு அவர் சாப்பிட்ட முட்டைப் பொரியலுக்குக் கணக்கில்லை.

இன்னும் சில கோடைகள் விளையாடி, தானாகவே விட்டுவிட்டுக் கடற்கரைப் பக்கம் குடிபோய்விட்டார். இப்பவும் ஆர்ச்வேக்குப் போனால் வீட்டார் எல்லாருடைய பெயரும் நட்சத்திரமும் சொல்லி முடித்தபிறகு நான் சற்று நிற்பேன். "முட்டைத் துரை, கார்த்திகை" என்று ஐயரே சொல்லிவிடுவார்.