மலையாண்டி என்று ஒரு பெயர்

பிள்ளைக்குப் பெயர் வைப்பது சுலபம். வைத்த பெயரைக் கூப்பிட வீட்டில் ஆள் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு வைக்க வேண்டும். இது எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. வடமதுரையில் நாலு தெருவுக்கும் ஒலிபெருக்கியில் கேட்கிற மாதிரி நானே கற்றுக்கொண்டேன்.

இந்தக் காலத்துப் பெயர்களைக் கண்டாலே எனக்கு எரிச்சல். எதிரே நிற்பவன் மேல் எச்சில் தெறிக்காமல் பாதிப் பெயரைச் சொல்ல முடியாது. அந்தக் காலத்தில் எல்லாவற்றுக்கும் ஒரு காரணம் இருந்தது. முன்னால் பிறந்த பிள்ளைகள் தங்கவில்லை என்றால் அடுத்ததைக் குப்பையில் புரட்டி எடுத்துக் குப்பன் என்பார்கள். தவிட்டைக் கொடுத்து வாங்கியதாகச் சொல்லித் தவிடன் என்பார்கள். எமன்கூட, இது நமக்கு ஆகாது என்று போய்விடுவானாம். அர்த்தம் என்றால் அது.

அதனால் என் மகன் பிறந்து தொட்டிலில் போடுகிற அன்று, மச்சினன் செல்போனை நீட்டிக்கொண்டு ஒரு பெயரோடு வந்தபோது நான் விடவில்லை. என்ன அர்த்தம் என்று கேட்டேன்.

“அர்த்தமெல்லாம் பாக்கலீங்க மச்சான். கூட்டுனா அஞ்சு வருதுங்க.”

(கூட்டினால் அஞ்சு வர இது என்ன கரண்டு பில்லா?) பந்தி போட இலை விரித்தவர்களை நிறுத்தி வைத்துவிட்டு, பெயர் என்றால் என்ன, அது எங்கிருந்து வருகிறது என்று ஒரு சொற்பொழிவே ஆற்றினேன். மோட்டார் காயில் கட்டுகிற கடை வைத்திருப்பவன் பேசுகிற பேச்சா அது? சாம்பார் ஆறிப்போனது. கடைசியில் எங்கள் வழக்கப்படி தாத்தா பெயரைத்தான் பேரனுக்கு வைப்பேன் என்று சொல்லி, என் அப்பா பெயரை வைத்தேன். மலையாண்டி. பழனி மலையில் ஆண்டியாக நிற்கிறவன். அப்பா துண்டை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

சிக்கல் என் மனைவி செல்விக்குத்தான். அவளுக்குத் தொப்பம்பட்டிப் பக்கம். மாமனார் பெயரை வாயால் சொல்லக் கூடாது என்று வளர்த்திருக்கிறார்கள். இது எனக்குத் தெரியாத விஷயமும் இல்லை. எனக்கே என் தாத்தா பெயர்தான். அதைச் சொல்ல முடியாமல் அம்மா என்னைச் ‘சின்னவனே’ என்றுதான் கூப்பிட்டாள். பள்ளிக்கூடத்தில் வருகைப்பதிவு எடுத்தபோது யாரோ அங்கமுத்து என்று ஒருவன் தினமும் லீவு போடுகிறான் என்றே நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அப்படிப்பட்டவனுக்குப் புத்தி வந்திருக்க வேண்டாமா?

செல்வி பிள்ளையைச் ‘சாமி’ என்றாள். பெயர் மாமனாருடையது என்பதால் மரியாதையும் கொடுத்தாள். “சாமி, மண்ணத் திங்காதீங்க.” “சாமி, சட்டியில ஒண்ணுக்கு இருக்காதீங்க.” மூன்று வயதுவரை அவன் மலையாண்டி என்ற சொல்லைத் தன்னைப் பார்த்து யாரும் சொல்லிக் கேட்டதில்லை. நான் காலையில் கடைக்குப் போனால் இருட்டித்தான் வருவேன். எனக்கு அவன் ‘டேய்’.

அந்த வருஷம் ஆடித் தேரோட்டத்துக்குப் போனோம். பையன் என் கையைப் பிடித்திருந்தான். ஒரு ஆள் என் காலை மிதித்துவிட்டு, வருத்தம்கூடச் சொல்லாமல் போனான். நான் கையை விட்டுவிட்டு அவன் சட்டையைப் பிடித்தேன். நல்ல சண்டை. நியாயம் முழுக்க என் பக்கம். முடித்துவிட்டுத் திரும்பினால் பிள்ளையைக் காணோம்.

அதற்குப் பிறகு எனக்குக் கால் தரையில் பாவவில்லை. அத்தனை பெரிய சக்கரம். அத்தனை கூட்டம். கோயில் பின்னால் கிணறு வேறு. செல்வியை மைக் செட்டுக்கு ஓடச் சொல்லிவிட்டு நான் தேர்ச்சக்கரத்துக்கு அடியில் குனிந்து குனிந்து பார்த்துக்கொண்டு ஓடினேன்.

மைக் செட்டில் நடந்ததைப் பிறகு செல்வி சொல்லித்தான் தெரியும். மைக்காரர் பிள்ளை பெயரைக் கேட்டிருக்கிறார். இவள் அழுதுகொண்டே, அது மாமனார் பெயருங்க, நான் சொல்லக் கூடாதுங்க என்றிருக்கிறாள்.

“ஏம்மா, பேரச் சொல்லாம நான் என்னத்த கூப்பிடுறது?”

“பழனி மலை மேல இருப்பாருங்களே, அவரு பேருங்க.”

“முருகனா?”

“அவருதானுங்க. ஆனா அது இல்லீங்க.”

“பழனிச்சாமியா?”

“கிட்ட வந்துட்டீங்க.”

மைக்காரருக்கு உற்சாகம் வந்துவிட்டது. முருகன், பழனிச்சாமி, தண்டபாணி, வேலுச்சாமி என்று வரிசையாக அறிவித்தார். திண்டுக்கல் ஜில்லாவில் இந்தப் பெயர்களைக் கூப்பிட்டால் யார் மிச்சம் இருப்பார்கள்? நான் வேர்த்து வடிய அங்கே போய்ச் சேர்ந்தபோது, மீசை வைத்த ஆம்பிளைகள் பந்தலைச் சுற்றி நெருக்கியடித்து நின்றார்கள். ஒருவர், தொலைந்த பர்ஸ் கிடைத்துவிட்டதா என்று கேட்டார். இன்னொருவர், குலுக்கலில் என்ன பரிசு என்றார். நடுவில் செல்வி, “இவங்கெல்லாம் இல்லீங்க, சின்னப் புள்ளைங்க” என்று விம்மிக்கொண்டிருந்தாள்.

எனக்குப் பயம் வந்தால் கோபமாகத்தான் வரும். மைக்கைப் பிடுங்கினேன்.

“ஏலே மலையாண்டி! எங்கடா போய்த் தொலைஞ்ச? இப்ப மைக் செட்டுக்கு வரல, தோல உரிச்சு உப்பத் தடவிருவேன். வாடா இங்க.”

மேளம் நின்றது. தேர் வடம் பிடித்தவர்கள் அப்படியே நின்றார்கள். எங்கள் ஊரில் மலையாண்டி இரண்டே பேர். ஒருவனுக்கு அது தன் பெயர் என்றே தெரியாது. இன்னொருவரை ஊருக்கே தெரியும். அன்று காலையில்தான் கோயிலில் அவருக்குப் பரிவட்டம் கட்டியிருந்தார்கள்.

“ஏப்பு, அது உங்கப்பா பேரில்ல?” என்றார் மைக்காரர். என் கையில் மைக் இருந்ததால் அதுவும் நாலு தெருவுக்கும் கேட்டது.

கூட்டம் வழிவிட்டது. தலையில் பரிவட்டம், தோளில் என் மகன், மகன் கையில் பாதி தின்ற பஞ்சுமிட்டாய். நேராக என் முன்னால் வந்து நின்றார் அப்பா. நான் கையை விட்ட நிமிஷமே, சண்டையைப் பார்த்துப் பிள்ளை பயந்துவிடுவான் என்று தூக்கிக்கொண்டு போயிருக்கிறார்.

பிள்ளையை இறக்கிவிட்டு, சட்டையைக் கழற்றி முதுகைத் திருப்பினார்.

“வந்துட்டேன்ப்பா. உரி.”

இதுவும் மைக்கில் போனது.

தேர் அன்று அரை மணி நேரம் தாமதமாக நிலைக்கு வந்தது. சிரித்த சிரிப்பில் வடம் பிடிக்கத் தெம்பில்லை என்றார்கள். நான் காலில் விழுந்தேன். அப்பா ஆசீர்வாதம் பண்ணாமல், உப்பு எங்கே என்று கேட்டார். செல்வி மட்டும் எதையும் காதில் வாங்காமல் பிள்ளையைக் கட்டிக்கொண்டு, “எங்கீங்க சாமி போயிட்டீங்க?” என்று அவனிடம் மரியாதையாக அழுதாள்.

அடுத்து மகள் பிறந்தபோது மச்சினன் மறுபடியும் செல்போனை நீட்டினான். நல்ல பெயர் என்றேன். அர்த்தம் கேட்கவில்லை. இலையில் உட்கார்ந்து சூடாகச் சாப்பிட்டேன். அப்பா இன்றைக்கும் சாப்பாட்டில் உப்புக் குறைந்தால் செல்வியைக் கேட்பதில்லை. என்னைத்தான் பார்ப்பார்.

போன மாதம் பள்ளிக்கூடத்தில் எல்லாப் பிள்ளைகளும் தங்கள் பெயருக்கு என்ன அர்த்தம், எப்படி வந்தது என்று சொல்ல வேண்டுமாம். மலை, ஆண்டி, பழனி, பரம்பரை என்று நான் ஒரு வாரம் பையனுக்குச் சொல்லிக் கொடுத்தேன். அப்பாவும் தனியாக ஏதோ சொல்லிக் கொடுத்திருக்கிறார். அது எனக்குத் தெரியாது. டீச்சர் கேட்டதும் எழுந்து நின்று, கையைக் கட்டிக்கொண்டு சொன்னானாம்:

“எங்க தாத்தாவத் திட்டுறதுக்காக எங்கப்பா வச்ச பேரு, டீச்சர்.”