மோட்டார் பேச வந்தவரும் மரக்கட்டைப் படமும்

அன்புள்ள மச்சான் தண்டபாணிக்கு,

லாலாகுடாவிலிருந்து கிருஷ்ணகுமார் எழுதுவது. இங்கே நானும் உங்கள் தங்கை வசந்தியும் என் ரத்தக்கொதிப்பும் நலம். அங்கேயும் அப்படியே என்று நம்புகிறேன். இல்லையென்றாலும் இந்த வாரம் கேட்டுக்கொள்ளும் நிலையில் நான் இல்லை.

‘மகள் வர்ஷினியைச் சீன மொழி படிக்க வையுங்கள், வியாபாரத்துக்கு உதவும்’ என்றவர் நீங்கள்தான். படித்தாள். பிறகு பிஎச்.டி. என்றாள். எதில்? 1930களில் சீன எழுத்தாளர்களும் ஓவியர்களும் மரக்கட்டையில் படம் செதுக்கி அச்சடித்து அரசாங்கத்தோடு மோதினார்களாம், அதன் பாதிப்பு கல்கத்தா வரை வந்ததாம், அதில். இருபது வருடமாக அதே சீனாவிலிருந்து நான் தையல் மெஷின் மோட்டார் இறக்குகிறேன். என் பாதிப்பு பக்கத்து மல்லாபூர் தாண்டி உப்பல் வரை இருக்கிறது. அதை ஆராய ஆளில்லை.

போன வியாழக்கிழமை, மோட்டார் அனுப்புகிற லின் நேரிலேயே வீட்டுக்கு வந்தார். கடைசி லோடில் பாதி புகைந்துவிட்டது. சட்டையைப் பிடித்துக் கேட்கத்தான் மகளை மொழிபெயர்க்க உட்கார வைத்தேன். மரியாதைக்கு முதலில் ஊரைக் கேட்டாள். சொன்னார். உங்கள் ஊரில் அப்போது பள்ளிக்கூட வாத்தியார்கள்கூட மரக்கட்டைப் படம் அச்சடித்தார்களே என்றாளாம். என் தாத்தாவே அப்படி ஒரு வாத்தியார் என்றாராம். அப்புறம் மூன்று மணி நேரம், மச்சான்! கருகிய மோட்டாரை மடியில் வைத்துக்கொண்டு நான், “என்னம்மா சொல்றார்? மாத்தித் தர்றாரா?” என்றால், “நான்னா, ஒக்க நிமிஷம்!” அப்பாவைக் கூப்பிடக்கூட இவளுக்குத் தெலுங்குதான். தாத்தாவின் நோட்டுகளை அரிசிப் பானையில் ஒளித்து வைத்த கதையைச் சொல்லி அந்த மனுஷன் அழுகிறார். இவளும் அழுகிறாள். விஷயமே தெரியாமல் வசந்தியும் அழுகிறாள். “நீ எதுக்கு அழற?” என்றேன். “உங்க மடியிலிருக்கிற மோட்டாரைப் பாத்துத்தான்” என்றாள்.

இருபது வருடத்தில் தனக்கொரு தாத்தா உண்டென்று என்னிடம் சொல்லாதவர். நானும் கேட்டதில்லை, தள்ளுபடிதான் கேட்டேன். என் அப்பா இங்கே ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டர், அவரும் ஏதோ நோட்டில் எழுதிக்கொண்டுதான் இருந்தார். அதைப் பற்றி யார் கேட்டார்கள்? இவள் அந்தச் சீனத்து நோட்டுகளைப் படிக்க ஒரு வருடம் போகிறாளாம். கேட்கவில்லை மச்சான், சொன்னாள். கடைக்கு வாரிசென்று வளர்த்தேன். உடனே வந்து தடுங்கள். தாய்மாமன் பேச்சுக்காவது அடங்குகிறாளா பார்ப்போம்.

வீட்டிலுள்ள பெரியவர்களுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு ஆசிகள். யோசனை சொன்ன உங்களுக்கு இரண்டும் கிடையாது.

இப்படிக்கு,
கிருஷ்ணகுமார்

பி.கு.: உறையை ஒட்டப்போகும்போது வர்ஷினி வந்தாள். “நான்னா, அந்த நோட்டை லின் வீட்ல வெளியாள் யாருக்கும் காட்டினதில்லையாம். உங்க பொண்ணுங்கிறதாலதான் காட்டுறாராம். நீங்களும் வந்தாத்தான் அவரோட அம்மா பானையைத் திறப்பாங்களாம்” என்றாள். விசாவுக்கு எனக்கும் போட்டோ எடுத்தாகிவிட்டது. நீங்கள் அவசியம் வாருங்கள், இரண்டு வாரம் கடையைப் பார்த்துக்கொள்ள.