வாசல் தகட்டில் யார் பேர்

பலகைக்காரர் அன்று காலை பல் தேய்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு முடிவுக்கு வந்துவிட்டார். வம்சத்துக்கு முதல் தாத்தா ஆகிவிடுவது என்று.

ஊரில் பாதி வாசலில் தொங்குகிற பெயர்ப்பலகைகள் அவர் கையால் வெட்டியவை. பித்தளை, மரம், பிளாஸ்டிக், எது வேண்டுமானாலும் வெட்டுவார். வெட்டுவதோடு விட்டால் பரவாயில்லை. பேரைச் சொன்னதும் அதன் பூர்வீகத்தைப் பிடித்து வெளியே இழுத்துப் போடுவார். "உங்க குடும்பப் பேருக்குக் கொல்லன்னு அர்த்தம் சார். முப்பாட்டன் இரும்படிச்சிருக்கணும்" என்பார். வந்தவர் பேங்க் மேனேஜராக இருப்பார், முகம் சுண்டிப்போகும். எந்த நாட்டில் குடும்பப் பேர் முன்னால் வரும், எங்கே பின்னால் வரும், எங்கே அப்பா பேரோடு 'மகன்' என்று ஒட்டிக்கொள்வார்கள், எங்கே எவனோ கேலியாகக் குட்டையன் என்று கூப்பிட்டது குடும்பத்துக்கே நிலைத்துப் போனது, எல்லாம் அவருக்கு விரல்நுனி.

வீட்டின் முன்னறைதான் கடை. கண்ணாடியில் 'இங்கே பெயர்ப்பலகை செய்து தரப்படும்' என்று எழுதியிருந்தது. செய்து தருவது யார் என்று எழுதவில்லை. வாசலில் ஓர் ஆணி மட்டும் இருந்தது. அதில் அவர் குடையை மாட்டி வைப்பார்.

முடிவுக்குக் காரணம் மகள். தூரதேசத்தில் இருக்கிற அவளுக்குப் பெண் குழந்தை பிறந்திருந்தது. குடும்பப் பேர் இல்லாமல் அந்த ஊர் ஆபீசில் குழந்தையைப் பதிய மாட்டார்களாம். மருமகனுக்கும் அப்படி ஒன்று கிடையாது. "நீங்களும் அம்மாவும் பேசி ஒண்ணு சொல்லுங்கப்பா. அம்மா சரின்னா எங்களுக்கும் சரி" என்று போனில் சொல்லிவிட்டாள். அந்த 'அம்மா சரின்னா'தான் அவருக்குத் தொண்டையில் சிக்கிக்கொண்டது.

ஊரார் பேரையெல்லாம் வெட்டியே கண் பூத்துப் போன மனுஷன். அவர் பேரைச் சொல்லிக் கூப்பிட மட்டும் ஆளில்லை. கடைக்கு வருகிறவர்கள் 'போர்டுக்காரரே' என்பார்கள். மனைவிக்கு 'ஏங்க'. மகளுக்கு 'அப்பா'. பேர் சொல்லிக் கூப்பிட்ட அம்மா போய்ச் சேர்ந்து வெகுகாலம் ஆகிறது. தான் கண்ணை மூடினால் அந்தப் பேரும் கூடவே போய்விடும் என்பதே அவர் கவலை. தன் பேரை ஒருநாள் வெட்டவென்றே மெருகு போட்ட பித்தளைத் தகடு ஒன்றை வருஷக்கணக்காகத் துணியில் சுற்றி வைத்திருந்தார்.

மனைவி வேலைக்குக் கிளம்பி ஷூ மாட்டிக்கொண்டிருந்தாள். டிரைவிங் ஸ்கூலில் கார் ஓட்டச் சொல்லிக்கொடுக்கிற வேலை. அந்தக் கார்களில் சொல்லிக்கொடுப்பவர் காலடியிலும் ஒரு பிரேக் இருக்கும். வீட்டிலும் அப்படி ஒன்று இருக்கிறது என்று பலகைக்காரருக்கு ரொம்ப நாளாகச் சந்தேகம்.

"இந்தா, கேட்டுக்க. பேத்திக்குக் குடும்பப் பேர் என் பேருதான்."

"பச்சைக் குழந்தை பேருக்குப் பின்னால உங்க பேரா? மீசை ஒட்டின மாதிரி இருக்காதா?"

"உலகத்துல பாதிப் பேர் ஏதோ ஒரு தாத்தா பேரைத்தான் சுமந்துட்டுத் திரியறாங்க. யாராச்சும் ஒருத்தர் முதல் தாத்தாவா இருந்தாகணும்ல?"

"தொழில் பேரையும் வெப்பாங்கன்னு சொல்லுவீங்களே?"

"வெப்பாங்க, வெப்பாங்க."

"எந்தத் தொழிலை? வீட்டுல அடுப்பு எரிய வெக்கிற தொழிலையா?"

பலகைக்காரருக்குத் திடீரென்று தண்ணீர் தாகம் எடுத்தது. குடித்துவிட்டு வந்தார்.

"சில நாட்டுல கல்யாணம் ஆனாலும் பொம்பளைங்க பேரை மாத்திக்கவே மாட்டாங்களாமே? உங்க புஸ்தகத்துல பார்த்தேன்."

"அந்தப் பக்கம் நான் இன்னும் படிக்கல."

"மூலையை மடிச்சு வெச்சிருந்தீங்களே?"

"படிக்க வேணாம்னுதான் மடிச்சு வெச்சேன்!"

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். கல்யாணத்தின்போது மனைவிக்கு இவர் புதுப் பேர் வைத்தார். பழைய பேர் மூன்றே எழுத்து. அர்த்தமும் சரியில்லை, பித்தளையில் வெட்டினால் பாதித் தகடு சும்மா கிடக்கும் என்றார். தன் பேருக்குக் கீழே வைத்தால் இரண்டு ஓரமும் ஒன்றாக நிற்கிற மாதிரி எட்டெழுத்தில் ஒன்றைப் பொறுக்கி எடுத்தார். அவளை யாரும் கேட்கவில்லை. தலையாட்டச் சொன்னார்கள், ஆட்டினாள். அந்தப் பழைய பேர் என்னவென்று இப்போது கேட்டால் அவருக்கு ஞாபகம் இல்லை. அடுத்த கண்டத்துக்காரனின் முப்பாட்டன் பேர் வரைக்கும் தெரிந்தவருக்கு இது தெரியாது.

"சரி, சண்டை எதுக்கு?" என்றாள் மனைவி. "வாசல் சொல்லட்டும்."

"வாசல் எப்படிச் சொல்லும்?"

"இன்னிக்குப் பூரா நம்ம வாசலுக்கு வர்றவங்க எந்தப் பேரைச் சொல்லிக் கேக்குறாங்களோ, அதுதான் குடும்பப் பேர். வாசல்லயும் அதையே மாட்டணும். சம்மதமா?"

பலகைக்காரர் மனக்கணக்குப் போட்டார். இவளோ விடிந்தால் காருக்குள் போய் உட்காருகிறவள். இவளைத் தேடி வீட்டுக்கு ஒரு ஈ காக்கை வந்ததில்லை. அந்த எட்டெழுத்துப் பேரை இவரைத் தவிர வேறு யார் வாயிலும் கேட்டதில்லை. கடை தன்னுடையது, வாசல் தன்னுடையது. பழம் நழுவிப் பாலில் விழுந்தது என்று உள்ளுக்குள் குதித்தார்.

"சம்மதம். என் பேச்சும் பித்தளையும் ஒண்ணு. வெட்டினா வெட்டினதுதான்."

"தெரியுமே" என்று சொல்லிவிட்டு அவள் போனாள்.

முதலில் ஒரு ஆள் வந்தார். "போர்டுக்காரர் இருக்காரா?"

"பேர் சொல்லிக் கேளுங்க."

"என் பேரா சார்?"

"என் பேரு!"

"உங்க பேர் எனக்கு எதுக்கு சார்? என் பேரை வெட்டத்தானே வந்தேன்."

அவர் போனதும் ஒரு சின்னப் பெண் ஸ்வீட் பெட்டியோடு வந்து நின்றாள். மூன்றெழுத்தில் ஒரு பேரைச் சொல்லி, "மேடம் வீட்டுல இருக்காங்களா அங்கிள்?" என்றாள்.

"அப்படி யாரும் இங்க இல்லம்மா."

"இந்த வீடுதான்னு சொன்னாங்களே? நான் நேத்துதான் டெஸ்ட்ல..."

"அது கிடக்கட்டும். நீ சொன்ன பேருக்கு என்ன அர்த்தம் தெரியுமா? தெரியாது. எல்லாரும் பேரை வெச்சுக்கிறாங்க, அர்த்தம் கேக்குறதில்ல. உக்காரு, சொல்றேன்." சொன்னார். எந்த மொழியில் முளைத்தது, எந்த வழியாக வந்தது, வரும் வழியில் எப்படித் தேய்ந்தது, பித்தளைக்கு ஏன் ஆகாது, எல்லாம் சொன்னார். அந்தப் பெண் நடுவில் ரெண்டு தரம் வாயைத் திறந்து பார்த்துவிட்டு, ஸ்வீட் பெட்டியை அணைத்துக்கொண்டு ஓடியே போனாள்.

அடுத்து ஒரு தடித்த மனுஷர். அவரும் அதே மூன்றெழுத்து. "அவங்க காலு மட்டும் இல்லேன்னா நான் இன்னேரம் சுவத்துக்குள்ள இருப்பேன் சார்" என்றார் கண் கலங்க.

"யார் காலு?"

"அவங்க காலுதான் சார். தெய்வம்!"

பைத்தியம் போலிருக்கிறது என்று பலகைக்காரர் கதவைச் சாத்தினார். சாத்திய கதவைத் தட்டிக்கொண்டு ஒரு புருஷனும் பெண்டாட்டியும் வந்தார்கள். பிறகு ஒரு டாக்டர். பிறகு காய்கறி வேன்காரர். எல்லார் வாயிலும் அதே மூன்றெழுத்து. யாரோ ஒருத்தி தன் விலாசம் என்று இவர் விலாசத்தைக் கொடுத்து ஊரை ஏமாற்றிக்கொண்டிருக்கிறாள் என்று தீர்மானித்துவிட்டார். இவர் பேரை ஒரு நாய்கூடக் கேட்கவில்லை. எவளோ ஒரு ஊர்பேர் தெரியாதவளுக்கு இத்தனை கூட்டமா?

அடுத்த முறை கதவு தட்டப்பட்டபோது அவர் பொறுமை கைநழுவிப் போனது. கையில் அகப்பட்டது துணியில் சுற்றி வைத்த அந்தத் தகடுதான். எடுத்தார், வெட்டினார். கண்ணில் அடித்த மாதிரி தெரியட்டும் என்று மூன்றெழுத்தையும் பெரிதாக, ஆழமாக வெட்டி, அதற்குப் பிறகு சின்னதாக 'இங்கே இல்லை' என்று போட்டார். கோபத்திலும் ஓர் எழுத்துகூடக் கோணவில்லை. அவர் செய்ததிலேயே அழகான பலகை அதுதான், இதை வயிற்றெரிச்சலோடு சொல்ல வேண்டியிருக்கிறது. ஆணியிலிருந்து குடையைக் கழற்றி வீசிவிட்டுத் தகட்டை மாட்டினார்.

பொழுது சாயும்போது மனைவி வந்தாள். உள்ளே வரவில்லை. தகட்டுக்கு முன்னால் நின்று மூன்றெழுத்தையும் ஒவ்வொன்றாக விரலால் தடவிப் பார்த்தாள்.

"எழுத்து ரொம்ப நல்லா வந்திருக்குங்க."

"எவளோ ஒருத்தி நம்ம விலாசத்தைக் கொடுத்து..."

"எவளோ இல்லீங்க. கல்யாணத்துக்கு முன்னாடி என்னை என்னன்னு கூப்பிட்டாங்க?"

பலகைக்காரர் வாயைத் திறந்தார். தகட்டைப் பார்த்தார். ஒவ்வொரு எழுத்தாக மறுபடி படித்தார்.

"கார் கத்துக்க வர்ற எல்லாருக்கும் நான் இந்தப் பேர்தான். நீங்க வெச்ச பேர் உங்க ஒருத்தருக்குத்தான் தெரியும். நீங்க கூப்பிடறப்போ, பார்க்கலேன்னா வருத்தப்படுவீங்களேன்னு திரும்பிப் பார்ப்பேன், அவ்வளவுதான். இத்தனை வருஷமா யாரையும் வீட்டுக்கு வரச் சொன்னதில்ல. இன்னிக்குச் சொன்னேன்."

"இது... இது ஏமாத்து வேலை!"

"என்னைக் கேக்காம என் பேரை எடுத்தீங்களே, அது என்ன வேலை?"

அந்த வேலைக்கு என்ன பேர் என்று அவர் படித்த எந்தப் புத்தகத்திலும் இல்லை.

அவள் நின்றபடியே மகளுக்குப் போன் போட்டாள். பேரைச் சொன்னாள். "மூணே எழுத்தா? அழகா இருக்கேம்மா! யார் பேரு?" என்று மகள் கேட்டது பலகைக்காரர் காதிலும் விழுந்தது. மனைவி சுவர் பக்கம் திரும்பிக்கொண்டாள். "என் பேருதான்டி" என்று சொல்வதற்குள் அவள் குரல் உடைந்துவிட்டது. அவருக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

பிறகு அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்தாள். "இன்னிக்கு உங்களைக் கேட்டு எத்தனை பேர் வந்தாங்க?"

"ஒருத்தர். போர்டுக்காரர்னு கேட்டார்."

"சரி. பேச்சும் பித்தளையும் ஒண்ணுன்னீங்க. அந்த 'இங்கே இல்லை'யை மட்டும் அறுத்து எடுத்துடுங்க."

பலகைக்காரர் ஆணியிலிருந்து தகட்டைக் கழற்றினார். மேஜையில் வைத்து ரம்பத்தை எடுத்து அறுக்க ஆரம்பித்தார். மனைவி ஷூவைக் கழற்றிவிட்டு உள்ளே போனவள், கதவோரம் திரும்பி நின்றாள்.

"அறுத்த துண்டைத் தூக்கிப் போட்டுடாதீங்க. உங்களைத் தேடி யாராச்சும் வந்தா மாட்டிக்கலாம்."